அம்மாவின் விரலில் ரேகை இல்லை: ஆதாரும் நம் அடையாளமும் குறித்து ஒரு விவாத இழை

வெள்ளாற்றங்கரை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். என் அம்மாவுக்கு 82 வயதாகிறது. புதுக்கோட்டை மாவட்டத்துக் கல் குவாரிகளில் இருபது ஆண்டுகளுக்கு மேல் ஜல்லி உடைத்து எங்களை வளர்த்தவர். 1991-இல் அறிவொளி இயக்கம் எங்கள் மாவட்டத்துக்கு வந்தபோது நான் தொண்டராகச் சேர்ந்து, வேலை முடித்து வந்த பெண்களுக்கு இரவில் அரிக்கேன் விளக்கு வெளிச்சத்தில் எழுத்துச் சொல்லிக்கொடுத்தேன். அம்மாவும் அந்த வட்டத்தில் வந்து உட்கார்ந்தார். சுத்தியல் பிடித்துக் காய்த்துப்போன விரல்களில் பென்சில் நிற்கவில்லை. தன் பெயரை எழுதப் பழக அவருக்கு இரண்டு மாதங்கள் பிடித்தன. அதற்குப் பிறகு எந்த அலுவலகத்தில் மைப்பெட்டியை நீட்டினாலும் கையைப் பின்னால் இழுத்துக்கொள்வார். 'கைநாட்டு' என்பது எங்கள் பக்கத்தில் வசவுச் சொல் என்பதை உங்களுக்கு விளக்க வேண்டியதில்லை.

சென்ற மாதம் ரேஷன் கடையில் அந்த அம்மாவை ஏழு முறை விரலை வைக்கச் சொன்னார்கள். பெருவிரல், ஆள்காட்டி விரல், நடுவிரல் என்று இரண்டு கைகளும் ஆயிற்று. ஒருவர் சேலைத் தலைப்பில் அழுத்தித் துடைக்கச் சொன்னார். வரிசையில் நின்ற பையன் ஒருவன், விரலை நெற்றியில் தேய்த்து எண்ணெய்ப் பசையோடு வைத்தால் விழும் என்றான். அம்மா அப்படியும் செய்தார். கருவி ஏழு முறையும் பொருந்தவில்லை என்றே சொன்னது. கருவிழியைப் படிக்கும் கருவியும் கடையில் இருந்தது, ஆனால் இரண்டு கண்களிலும் புரை அறுவை செய்துகொண்ட அவரை அதுவும் ஏற்கவில்லை. விற்பனையாளர் எங்கள் தெருவுக்குத் தெரிந்த பிள்ளைதான். "அத்தை, நீங்கதான்னு எனக்குத் தெரியுது, மெஷினுக்குத் தெரியலையே" என்று வருத்தத்தோடு சொன்னார்.

அவர்மீது எனக்குக் குறை எதுவும் இல்லை. என்னை உறுத்துவது வேறு. தன்னை அறிந்த மனிதர்கள் இருபது பேர் சூழ்ந்து நிற்கும்போது, ஒருவர் தான் யாரென்று எங்கோ தொலைவில் இருக்கும் ஒரு கணினியிடம் மெய்ப்பிக்க வேண்டியிருப்பதும், அந்தக் கணினி மறுத்தால் சுற்றி நிற்கும் அத்தனை பேருடைய அறிதலும் செல்லாக்காசாகிவிடுவதும் எப்படி வந்தது? துறை அறிந்தவர்கள் விளக்கினால் நன்றாக இருக்கும்.

எடைத்தராசு எழுதியது:

டீச்சர், நான் வேறொரு மாவட்டத்தில் 14 ஆண்டுகளாக நியாயவிலைக் கடை விற்பனையாளராக இருக்கிறேன். அரிசிக்குப் பச்சை அட்டையும் சர்க்கரைக்கு வெள்ளை அட்டையும் இருந்த காலத்தில் வேலைக்குச் சேர்ந்தவன். 2017-இல் மின்னணுக் குடும்ப அட்டை வந்தது, 2020 அக்டோபரில் விரல் ரேகை வந்தது. மூன்று காலத்தையும் பார்த்தவன் என்பதால் சொல்கிறேன்.

ரேகை வந்ததால் நன்மையே இல்லை என்று சொன்னால் அது பொய்யாகும். முன்பெல்லாம் மாதக் கடைசியில் யார் யார் பொருள் வாங்கவில்லை என்று பார்த்து, அவர்கள் பெயரில் பாமாயிலுக்கும் துவரம் பருப்புக்கும் பில் போட்டுவிடுகிறவர்கள் எங்கள் கூட்டத்திலேயே இருந்தார்கள். வாங்காத பொருளுக்கு வாங்கியதாகக் கைப்பேசியில் குறுஞ்செய்தி வந்து, மறுநாள் காலையில் கடை வாசலில் சண்டை நடக்கும். இப்போது விரல் இல்லாமல் பில் ஓடாது என்பதால் அந்தச் சண்டை பெருமளவு குறைந்திருக்கிறது.

ஆனால் யாருக்கு ரேகை விழுவதில்லை என்று கேட்டால், ரேஷன் அரிசியை உண்மையிலேயே உலையில் போடுகிறவர்களுக்குத்தான் விழுவதில்லை. பீடி சுற்றுகிறவர்கள், சித்தாள் வேலைக்குப் போய்ச் சிமெண்டில் கை வெந்தவர்கள், நாலு வீட்டில் பாத்திரம் தேய்க்கிற பெண்கள், வயதானவர்கள். அரிசியை வாங்கி மாவு மில்லுக்குத் தள்ளிவிடுகிறவருக்கு முதல் முறையிலேயே விழுந்துவிடும். 2025 ஆகஸ்டில் தொடங்கிய தாயுமானவர் திட்டத்தில் முதியவர்களின் வீட்டு வாசலுக்கே வண்டியில் பொருள் போகிறது. நல்ல திட்டம்தான், ஆனால் வண்டியில் தராசோடு ஏறிப் போவதும் இதே கருவிதான்.

கணக்குப்பிள்ளை எழுதியது:

வங்கியில் 34 ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன் என்ற முறையில் மாற்றுக் கருத்தைப் பதிவு செய்ய விரும்புகிறேன். உங்கள் தாயாருக்கு நேர்ந்தது வருத்தத்திற்குரியது. ஆனால் ஒரு கருவியின் கோளாறைக் கொண்டு முழு ஏற்பாட்டையும் எடைபோடுவது சரியாகாது. ஆதாருக்கு முன்பு ஏழை ஒருவர் வங்கிக் கணக்கு தொடங்க வந்தால் நான் என்னென்ன கேட்டிருக்கிறேன் என்று எனக்குத்தான் தெரியும். முகவரிக்குச் சான்று கொடு, ஏற்கெனவே கணக்கு வைத்திருக்கும் ஒருவரை அறிமுகக் கையெழுத்துப் போட அழைத்து வா என்பேன். அறிமுகம் செய்ய ஆள் இல்லாதவர் வெளியே நிற்பார். "ஊரே அவரை அறியும்" என்ற அறிதல், பிழைப்புக்காக ஊரை விட்டுப் போனவருக்கு எந்த உதவியும் செய்யவில்லை. திருப்பூருக்கு வந்த ஒடிசாத் தொழிலாளியை அங்கே யார் அறிவார்? அவர் கையில் இருக்கும் 12 இலக்க எண்தான் அவருக்கு அறிமுகக் கையெழுத்து. 2010 செப்டம்பரில் முதல் ஆதார் எண் வழங்கப்பட்டது மகாராட்டிரத்தின் நந்துர்பார் மாவட்டத்துப் பழங்குடிச் சிற்றூர் ஒன்றில் என்பதை மறந்துவிட வேண்டாம். எந்தத் தாளும் இல்லாதவர்களுக்காகத்தான் அது தொடங்கப்பட்டது.

கண்காணிப்பு என்று பலரும் அச்சுறுத்துகிறார்கள். நேர்மையாக இருப்பவருக்கு மறைக்க என்ன இருக்கிறது என்பதே என் கேள்வி.

மையக்கணினி எழுதியது:

கணக்குப்பிள்ளை ஐயா, மறைக்க ஒன்றுமில்லை என்கிறீர்கள். ஆனால் உங்கள் பற்று அட்டையின் இரகசிய எண்ணை இங்கே எழுதுங்கள் என்றால் எழுத மாட்டீர்கள், எழுதவும் கூடாது. நேர்மைக்கும் அதற்கும் தொடர்பில்லை.

டீச்சர் கேட்டதற்கு வருகிறேன். கடையில் விரல் வைக்கும்போது நடப்பது இதுதான். விரலின் வடிவம் மறையாக்கம் செய்யப்பட்டு, ஆதார் எண்ணோடு சேர்ந்து மையத் தரவுக் களஞ்சியத்துக்குப் போகிறது. அதன் தரவு மையங்கள் பெங்களூருவிலும் மானேசரிலும் இருக்கின்றன. இந்த எண்ணுக்கு உரியவரின் ரேகையும் இந்த ரேகையும் பொருந்துகின்றனவா என்ற ஒரே கேள்விக்கு ஆம், இல்லை என்று பதில் திரும்புகிறது. "ஆம்" என்பதும்கூட உண்மையில் ஓர் ஊகம்தான். ஒரே விரலை இரண்டு முறை வைத்தாலும் இரண்டு பதிவுகளும் அச்சு அசலாக ஒன்றாக இருப்பதில்லை. எனவே எவ்வளவு ஒத்திருந்தால் போதும் என்று யாரோ ஓர் அளவை முடிவு செய்ய வேண்டியிருக்கிறது. சல்லடைக் கண்ணை நினைத்துக்கொள்ளுங்கள். கண்ணைச் சிறிதாக்கினால் வேற்றாள் நுழைய முடியாது, ஆனால் உரியவரும் வெளியே நிற்பார். பெரிதாக்கினால் உரியவர் எளிதாக நுழைவார், கூடவே வேற்றாளும் நுழைவார். அம்மாவின் விரல் அந்தச் சல்லடையில் தங்கிவிட்டது. ஆதாரை நடத்தும் ஆணையத்தின் பார்வையில் அது ஒரு சதவீதக் கணக்கு, அவருடைய வீட்டில் அது அந்த மாதத்து அரிசி.

இதைவிடப் பெரிய சிக்கல் ஒன்று உண்டு. நான் யார் என்று சொல்வது ஒரு செயல், நான் இதற்குச் சம்மதிக்கிறேன் என்று சொல்வது வேறொரு செயல். கையெழுத்தில் இரண்டும் இருந்தன. ஆனால் கையெழுத்தை நாம் போட்டால்தான் விழும், வேண்டாமென்றால் பேனாவைக் கீழே வைத்துவிடலாம். விரல் ரேகையை நாம் தொட்ட தம்ளரில்கூட விட்டுவிட்டு வருகிறோம். கடவுச்சொல் களவு போனால் மாற்றிக்கொள்ளலாம். விரல் களவு போனால் எதை மாற்றுவது?

உசிலைக்காரன் எழுதியது:

விரல் ரேகை என்றதும் எங்கள் பகுதியில் முதலில் நினைவுக்கு வருவது ஆதார் இல்லை. உசிலம்பட்டிப் பக்கத்துப் பெரியவர்கள் இன்றும் 'ரேகைச் சட்டம்' என்றுதான் சொல்வார்கள். 1871-இல் ஆங்கிலேயர் கொண்டுவந்த குற்றப் பழங்குடிகள் சட்டத்தை 1911-க்குப் பிறகு சென்னை மாகாணத்துக்கும் நீட்டித்து, பிரமலைக் கள்ளர் உள்ளிட்ட பல சமூகங்களைப் பிறவிக் குற்றவாளிகள் என்று பட்டியலிட்டார்கள். குற்றம் செய்தானா என்ற கேள்வியே கிடையாது. அந்தச் சமூகத்தில் ஆணாகப் பிறந்தது போதும். பத்து விரல்களையும் உருட்டிப் பதிவு செய்ய வேண்டும், இரவானால் காவல் நிலையத்திலோ சாவடியிலோ போய்ப் படுக்க வேண்டும், வெளியூர் போவதென்றால் 'ராத்திரிச் சீட்டு' வாங்கி, போகிற ஊரில் அதைக் காட்ட வேண்டும்.

ரேகை வைக்க மாட்டோம் என்று பெருங்காமநல்லூரில் மக்கள் மறுத்தபோது, 1920 ஏப்ரல் 3 அன்று காவல்துறை துப்பாக்கிச் சூடு நடத்தியது. மாயக்காள் என்ற பெண்மணி உள்ளிட்ட பலர் மாண்டார்கள். அவர்களுக்கு அங்கே நினைவுத்தூண் இருக்கிறது. மதுரை வழக்கறிஞர் ஜார்ஜ் ஜோசப் இந்த மக்களுக்காக வாதாடினார். அவரை எங்கள் பக்கம் 'ரோசாப்பூத் துரை' என்பார்கள். சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் 1947-இல்தான் ஒழிந்தது.

என் பாட்டனார் சாவடியில் படுத்தவர். திருமணமான புதிதிலும் இரவு ஒன்பது மணிக்குச் சாவடிக்குப் போய்விட வேண்டும் என்பதால், தாலி கட்டிய வீட்டில் முதல் ஓராண்டு விடியலைப் பார்த்ததில்லை என்று சிரித்துக்கொண்டேதான் சொல்வார். ரேகைக்காகவா ஒரு கூட்டம் குண்டடி பட்டது என்று வியப்பவர்களுக்கு நான் சொல்வது, மை தடவிய விரலுக்கும் சாவடிப் பாய்க்கும் இடையில் ஒரே ஒரு பதிவேடுதான் இருந்தது என்பதுதான்.

கணக்குப்பிள்ளை எழுதியது:

உசிலைக்காரரின் பதிவைப் படித்து மனம் கனத்தது. ஆயினும் ஒப்பீடு பொருந்தவில்லை என்றே நினைக்கிறேன். அன்று ஒரு கூட்டத்தைத் தனியே பிரித்து, தண்டிப்பதற்காகப் பதிந்தார்கள். இன்று அமைச்சரிலிருந்து ஆண்டி வரை அனைவரும் பதிகிறோம், அதுவும் உதவி பெறுவதற்காக.

உசிலைக்காரன் எழுதியது:

ஐயா, அனைவரும் பதிகிறோம் என்பது சரி. அனைவரும் எத்தனை முறை விரல் வைக்கிறோம் என்று எண்ணிப் பாருங்கள். வருமான வரி கட்டுகிறவர் பான் எண்ணோடு ஒருமுறை இணைத்துவிட்டு மறந்துவிடுகிறார். நூறு நாள் வேலைக்குப் போகும் என் சித்திக்கு 2023 ஜனவரி 1 முதல் நாளுக்கு இரண்டு வேளை வேலைத்தளத்தில் வரிசையில் நிற்கவைத்துச் செயலியில் படம் எடுக்கிறார்கள். சிக்னல் இல்லாத கண்மாய்க்குள் படம் ஏறவில்லையென்றால் அன்றைய கூலிக்கு அல்லாட வேண்டும். மாதச் சம்பளக்காரர் யாரையாவது வெயிலில் இப்படி நிறுத்திப் படம் எடுத்துப் பார்த்திருக்கிறீர்களா? உதவி பெறுகிறவரைத்தான் அதிகம் பார்க்கிறார்கள் என்பதே என் வாதம். தண்டனைக்கா உதவிக்கா என்பதைப் பதிவேடு முடிவு செய்வதில்லை, அது யார் கைக்குப் போகிறதோ அவர்கள்தான் முடிவு செய்கிறார்கள்.

தாழ்வாரம் எழுதியது:

மதுரையில் வழக்கறிஞராக இருக்கிறேன். உசிலைக்காரர் சொன்ன சாவடிக்கும் இன்றைய அந்தரங்க உரிமைச் சட்டத்துக்கும் ஒரு நேரடி இழை இருப்பதால் அதைச் சொல்லிவிடுகிறேன்.

1962-இல் கரக் சிங் வழக்கு என்று ஒன்று வந்தது. கொள்ளை வழக்கில் சான்று இல்லாமல் விடுவிக்கப்பட்ட ஒருவரை உத்தரப் பிரதேசக் காவல்துறை தன் கண்காணிப்புப் பதிவேட்டில் வைத்துக்கொண்டு, நள்ளிரவில் கதவைத் தட்டி ஆள் இருக்கிறாரா என்று பார்த்துவந்தது. உச்ச நீதிமன்றம் இரவில் வீடு புகுவதை மட்டும் தடைசெய்தது. அந்தரங்கம் என்பது அரசமைப்பு உறுதியளிக்கும் உரிமை ஆகாது என்று கூறி, எஞ்சிய கண்காணிப்பை அப்படியே விட்டுவிட்டது. நீதிபதி சுப்பா ராவ், நீதிபதி ஷாவும் உடன்பட, முழுவதையும் தவறு என்று மாற்றுத் தீர்ப்பு எழுதினார்.

ஓய்வு பெற்ற நீதிபதி புட்டசாமி 2012-இல் ஆதாரை எதிர்த்து வழக்குத் தொடுத்தபோது, அரசுத் தரப்பு இந்தப் பழைய தீர்ப்புகளையே எடுத்துக்காட்டி, இந்தியக் குடிமக்களுக்கு அந்தரங்கத்திற்கான அடிப்படை உரிமை கிடையாது என்று வாதாடியது. அதனால் ஒன்பது நீதிபதிகள் அமர வேண்டியதாயிற்று. 2017 ஆகஸ்ட் 24 அன்று ஒன்பது பேரும் ஒருமனதாக அந்தரங்கம் அடிப்படை உரிமையே என்றார்கள். கரக் சிங் தீர்ப்பின் அந்தப் பகுதி அன்றுதான் செத்தது. கண்காணிக்கப்பட்ட ஒருவருடைய வீட்டுக் கதவில் தொடங்கிய கேள்விக்கு விடை வர 55 ஆண்டுகள் ஆயின.

ஆதார் வழக்கின் தீர்ப்பு 2018 செப்டம்பர் 26 அன்று 4-க்கு 1 என்ற கணக்கில் வந்தது. வங்கிக் கணக்குக்கும் கைப்பேசி இணைப்புக்கும் கட்டாயப்படுத்தக்கூடாது, தனியார் நிறுவனங்கள் ஒப்பந்தத்தின் பெயரால் ஆதாரைக் கேட்கக்கூடாது, சரிபார்ப்புப் பதிவுகளை ஐந்து ஆண்டுகள் வைத்திருக்கக்கூடாது, ஆறு மாதங்கள் போதும் என்றெல்லாம் சொன்ன பெரும்பான்மைத் தீர்ப்பு, அரசின் நலத்திட்டங்களுக்குக் கேட்கலாம் என்று விட்டுவிட்டது. சட்டத்தை, மாநிலங்களவையின் ஒப்புதல் தேவைப்படாத பண மசோதாவாக நிறைவேற்றியதே அரசமைப்பை ஏய்த்த செயல் என்று மாறுபட்டவர் நீதிபதி சந்திரசூட். 2019-இல் சட்டத்தைத் திருத்தி, "விருப்பத்தின் பேரில்" என்ற சொல்லோடு வங்கிகளும் தொலைபேசி நிறுவனங்களும் திரும்ப உள்ளே வந்தன. கடை வாசலில் நிற்கிறவரிடம் விருப்பம் என்ற சொல் எப்படி ஒலிக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

டீச்சருக்கு ஒன்று. ரேகை பொருந்தவில்லை என்பதற்காக உரியவருக்குப் பொருள் மறுக்கப்படக்கூடாது என்று 2017 அக்டோபரில் ஆதார் ஆணையமே சுற்றறிக்கை அனுப்பியிருக்கிறது. ஜார்க்கண்டின் சிம்டேகா மாவட்டத்தில், ஆதாரோடு இணைக்கப்படாத குடும்ப அட்டை நீக்கப்பட்ட ஒரு வீட்டில் 11 வயதுச் சிறுமி இறந்த அடுத்த மாதம் அது; அந்த இறப்பு நாடெங்கும் பேச்சாகியிருந்தது. பசியால் இறந்தாள் என்றார் தாய், மலேரியா என்றது நிர்வாகம். அந்தச் சுற்றறிக்கை விற்பனையாளர் கையில் இருக்காது, கருவியிலும் இருக்காது. அதுதான் சிக்கல்.

மழைக்குருவி எழுதியது:

நான் கோயம்புத்தூரில் விடுதியில் தங்கிப் படிக்கும் மாணவி. இங்கே எல்லோரும் விரலைப் பற்றிப் பேசுகிறீர்கள். எனக்குத் தாளைப் பற்றிச் சொல்ல வேண்டும். விடுதியில் சேரும்போது ஆதார் நகல், சிம் வாங்கும்போது நகல், தோழியின் அக்காள் திருமணத்துக்கு லாட்ஜில் அறை எடுத்தபோது நகல். சென்ற வாரம் பேருந்து நிலையத்துக்கு வெளியே வடை வாங்கினேன். சுற்றிக் கொடுத்த தாளில் எண்ணெய் ஊறிய இடத்தின் வழியே பின்பக்கத்திலிருந்து ஒரு பெண்ணின் முகம் தெரிந்தது. திருப்பிப் பார்த்தால் ஆதார் நகல். பெயர், கணவர் பெயர், கதவு எண்ணோடு முகவரி, 12 எண்களும் இருந்தன. குறுக்கே "ஒரிஜினலுடன் சரிபார்க்கப்பட்டது" என்று யாரோ பச்சை மையில் கையெழுத்திட்டிருந்தார்கள். அந்தப் பெண்ணுக்கு இது தெரியுமா? தெரிந்தால் யாரிடம் போய் முறையிடுவார்?

கணக்குப்பிள்ளை எழுதியது:

அந்தப் பச்சை மைக் கையெழுத்தைப் போல ஆயிரக்கணக்கில் நானே போட்டிருக்கிறேன். கோப்புகள் பழசானதும் என்ன ஆயின என்று ஒருநாளும் கேட்டதில்லை.

மையக்கணினி எழுதியது:

இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. 2022 மே மாதம் 27-ஆம் தேதி ஆதார் ஆணையத்தின் பெங்களூரு மண்டல அலுவலகம், ஆதார் நகலைக் கண்ட இடத்தில் கொடுக்காதீர்கள், லாட்ஜுக்கும் திரையரங்குக்கும் நகல் வாங்கும் உரிமையே கிடையாது என்று அறிவிப்பு வெளியிட்டது. மக்கள் பதறினார்கள். இரண்டே நாளில் மத்திய அரசு, அதைத் தவறாகப் புரிந்துகொள்ள வாய்ப்பிருக்கிறது என்று கூறித் திரும்பப் பெற்றுக்கொண்டது. உண்மையான எச்சரிக்கைக்கு இரண்டு நாள் ஆயுள்.

கணக்குப்பிள்ளை ஐயாவின் துறையில் நடந்ததையும் சொல்ல வேண்டும். ஆதார் வழிப் பணப் பரிமாற்றத்தில் அட்டையும் வேண்டாம், ஓடிபியும் வேண்டாம். வங்கியின் பெயர், ஆதார் எண், விரல் மூன்றும் இருந்தால் ஊரிலுள்ள வங்கி முகவரிடம் ஒரு முறைக்கு 10,000 ரூபாய் வரை எடுக்கலாம். கிராமத்து முதியவர்களுக்கு இது பெரிய வசதிதான், மறுக்கவில்லை. ஆனால் நிலப் பத்திரத்தில் நாம் மை தடவி வைத்த பெருவிரல் எங்கே இருக்கிறது? 2018-இல் தெலங்கானாவில் ஒருவர், பதிவுத் துறையின் இணையதளத்திலிருந்த பத்திரங்களிலிருந்து ஆதார் எண்களையும் பெருவிரல் பதிவுகளையும் எடுத்து, ரப்பரில் போலி விரல்கள் செய்து சிம் கார்டுகளை இயக்கிப் பிடிபட்டார். பின்னர் இதே வழியில் பல மாநிலங்களில் வங்கிக் கணக்குகளிலிருந்து பணம் போனது. வைத்த விரல் உயிருள்ளதா என்று சோதிக்கும் முறையை ஆணையம் 2023-இல் கொண்டுவந்ததே அதனால்தான். ரப்பர் விரலுக்குக் கதவு திறந்த காலத்திலும், ஜல்லி உடைத்த உண்மையான விரலுக்கு அது திறந்திருக்காது என்பதை நினைத்தால் எனக்கே என் தொழில்மீது கூச்சமாக இருக்கிறது.

இந்த இழையைப் படிப்பவர்கள் உடனடியாகச் செய்யக்கூடிய வேலை ஒன்று உண்டு. ஆணையத்தின் ஆதார் செயலியிலோ இணையதளத்திலோ, விரலையும் கருவிழியையும் சரிபார்ப்புக்குப் பயன்படுத்த முடியாமல் தடுக்கும் உயிர்அடையாளப் பூட்டைப் போட்டு வையுங்கள்; தேவைப்படும்போது மட்டும் திறந்துகொள்ளலாம். எண்ணைக் கேட்பவர்களுக்கு முதல் எட்டு இலக்கங்கள் மறைக்கப்பட்ட ஆதாரைப் பதிவிறக்கிக் கொடுங்கள், அல்லது ஆதார் எண்ணுக்குப் பதிலாகத் தரக்கூடிய 16 இலக்க மெய்நிகர் எண்ணைக் கொடுங்கள். ரேஷன் கடையில் விரல் வைத்துப் பொருள் வாங்கும் முதியவர்களுக்குப் பூட்டுப் போட்டால் மாதாமாதம் திறக்க ஓடிபி வேண்டும், அதற்குக் கைப்பேசி வேண்டும், எண் இணைந்திருக்க வேண்டும். ஆக, பூட்டும் வசதி இருப்பவருக்கே.

மழைக்குருவி எழுதியது:

அந்தப் பெண் யாரிடம் முறையிடுவார் என்ற என் கேள்விக்கு இன்னும் யாரும் பதில் சொல்லவில்லை.

தாழ்வாரம் எழுதியது:

மன்னிக்கவும் அம்மா, நேர்மையான பதில் சுவையாக இருக்காது என்பதால் தள்ளிப்போட்டேன். 2016-ஆம் ஆண்டு ஆதார் சட்டப்படி குற்ற வழக்குத் தொடுக்க ஆணையத்தால் மட்டுமே முடியும் என்றிருந்தது. தன் தரவு களவுபோனவர் வாய் திறக்க வழியில்லை. 2019 திருத்தத்துக்குப் பிறகு பாதிக்கப்பட்டவரும் புகார் கொடுக்கலாம். ஆனால் வடைக் கடைத் தாளுக்கு எதிரி யார் என்று புகாரில் எழுதுவது?

டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் 2023 ஆகஸ்டில் வந்தது, விதிகள் 2025 நவம்பரில் அறிவிக்கப்பட்டன, முக்கியமான கடமைகள் அதிலிருந்து 18 மாதங்கள் கழித்தே நடைமுறைக்கு வருகின்றன. தரவைக் காக்கத் தவறிய நிறுவனத்துக்கு 250 கோடி ரூபாய் வரை தண்டம் விதிக்கலாம். அந்தத் தொகை அரசுக் கருவூலத்துக்குப் போகும். தாளில் இருந்த பெண்ணுக்கு இழப்பீடு என்று சட்டத்தில் ஒரு வரிகூட இல்லை. அரசு தன் அமைப்புகளில் எதற்கு வேண்டுமானாலும் அறிவிக்கை மூலம் விலக்கு அளித்துக்கொள்ளலாம். கூடவே தகவல் உரிமைச் சட்டத்தின் ஒரு பிரிவையும் திருத்தி, தனிநபர் தகவல் என்று சொல்லி அதிகாரிகள் எதையும் மறுப்பதை எளிதாக்கிவிட்டார்கள். நம்மை அரசு பார்க்கும் சன்னல் அகலமாகியிருக்கிறது, அரசை நாம் பார்க்கும் சன்னல் சுருங்கியிருக்கிறது. என் கட்சிக்காரர்களிடம் இப்படித்தான் சொல்லிவருகிறேன்.

2024 மே மாதத்தில் தமிழ்நாடு காவல்துறையின் முக அடையாளத் தளத்துக்குள்ளேயே ஊடுருவல் நடந்தது. பதிவேட்டை வைத்திருப்பவரே அதைப் பூட்டத் தெரியாமல் நின்ற கதை அது.

கணக்குப்பிள்ளை எழுதியது:

நேற்றிரவு இந்த இழையை மீண்டும் ஒருமுறை முதலிலிருந்து படித்தேன். ஆதார் வேண்டாம் என்று இப்போதும் என்னால் சொல்ல முடியவில்லை. திருப்பூர்த் தொழிலாளி என் கண்முன் நிற்கிறார். ஆனால் மறைக்க என்ன இருக்கிறது என்று நான் கேட்ட கேள்வியைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். என் வங்கியில் ஒருவருடைய கையெழுத்து மாறியிருந்தால் அவரை உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, இரண்டு கேள்வி கேட்டு, கிளை மேலாளரின் பொறுப்பில் பணம் கொடுத்து அனுப்புவோம். மனிதர் ஒருவர் தன் பெயரில் பொறுப்பேற்றுக் கையெழுத்திடும் அந்த இடம் ரேஷன் கடையில் இல்லாமல் போனதுதான் தவறு.

எடைத்தராசு எழுதியது:

அந்த இடம் முழுக்க இல்லாமல் போகவில்லை ஐயா, ஆனால் யாரும் சொல்வதில்லை. டீச்சர், கடைக்கு வர முடியாத, ரேகை விழாத முதியவர்களுக்காக 'அங்கீகாரச் சான்று' என்று ஒரு படிவம் இருக்கிறது. அம்மாவுக்குப் பதிலாகப் பொருள் வாங்கும் ஒருவரின் பெயரை அதில் குறிப்பிட்டு, விற்பனையாளரிடம் கொடுத்து, வட்ட வழங்கல் அலுவலகத்தில் ஒப்புதல் வாங்கினால் போதும். அம்மாவையும் ஒருமுறை அழைத்துப் போய்விடுங்கள். நேரில் பார்த்தால் கேள்வி கேட்க மாட்டார்கள். அப்படியே ஆதார் சேவை மையத்தில் ரேகையைப் புதுப்பிக்க முடியுமா என்றும் பாருங்கள், பத்தில் ஏதாவது ஒரு விரல் தேறும்.

வெள்ளாற்றங்கரை எழுதியது:

பதில் எழுதிய அனைவருக்கும் நன்றி. சேவை மையத்துக்கும் வழங்கல் அலுவலகத்துக்கும் திங்கட்கிழமை போய்வந்தோம். சேவை மையத்தில் பத்து விரல்களையும் பார்த்தார்கள். இடது கைச் சுண்டுவிரல் மட்டும் ஓரளவு தேறும் என்றார்கள். சுத்தியலையும் பிடிக்காமல், கல்லையும் பிடிக்காமல் தப்பித்த விரல் அது ஒன்றுதான் போலும்.

வழங்கல் அலுவலகத்தில் கூட்டம் அதிகமில்லை. படிவத்தை நான் நிரப்பினேன். கடைசியில் "கையொப்பம் அல்லது இடது கைப் பெருவிரல் ரேகை" என்று ஒரு கட்டம் இருந்தது. மேசையில் இருந்த இளைஞர் அம்மாவின் முகத்தை ஒரு பார்வை பார்த்துவிட்டு, கேட்காமலேயே மைப்பெட்டியைத் திறந்து எங்கள் பக்கம் நகர்த்தினார். அவர்மீது தவறில்லை, அவரிடம் வருகிற பெரும்பாலோர் அப்படித்தான் இருப்பார்கள். அம்மா மூடியை எடுத்துப் பெட்டியை மூடி, அவர் பக்கமே திரும்பத் தள்ளிவிட்டு, "பேனா இருந்தா குடு தம்பி" என்றார்.

எழுதி முடிக்க நேரமாயிற்று. பின்னால் நின்றவர்கள் பொறுமையாகவே இருந்தார்கள். தாளை வாங்கி அந்த இளைஞர் முத்திரையில் மை ஒற்றிக்கொண்டிருந்தபோது அம்மா கையை நீட்டி, கொஞ்சம் பொறுங்கள் என்று தாளைத் திரும்ப வாங்கினார். கடைசி 'ள்' எழுத்தின் தலையில் புள்ளி வைக்காமல் விட்டிருந்தார்.

கடைசித் தகவல்: படிவத்தை ஏற்றுக்கொண்டார்கள். இந்த மாத அரிசியை நான் போய் வாங்கி வந்தேன்; என் விரலுக்கு முதல் முறையிலேயே விழுந்துவிட்டது.